தொகுப்பு மேசையும் குடும்பக் கதையும்: திருப்பதி தந்த ஏ. பீம்சிங்கின் படத்தொகுப்புப் பணி

தமிழ்த் திரைப்பட வரலாறு பெரும்பாலும் நடிகர்களின் வரலாறாகவும் பாடல்களின் வரலாறாகவும் எழுதப்பெற்றுள்ளது. 1950களுக்குப் பிற்பட்ட காலத்தைப் பற்றி எழுதுவோர் உரையாடலாசிரியர்களுக்கும் உரிய இடம் அளித்துள்ளனர். ஒளிப்பதிவாளர்களைப் பற்றிய குறிப்புகள் ஆங்காங்கே கிடைக்கின்றன. படத்தொகுப்பாளரோ பெயர்ப்பட்டியலில் ஒரு வரியாகத் தோன்றி மறைபவராகவே இருந்து வருகிறார். பார்வையாளர் உணராதபடி அமைவதே நல்ல தொகுப்பு என்னும் கருத்து தொழிலுக்குள் நெடுங்காலமாக நிலவுவதும் இதற்கு ஒரு காரணம் எனலாம். தன்னை மறைத்துக்கொள்ளும் கலை வரலாற்றிலும் மறைந்துபோதல் இயல்பே.

இம்மறைவுக்கு ஆளானவர்களுள் ஏ. பீம்சிங் (1924–1978) குறிப்பிடத்தக்கவர். 'பாகப்பிரிவினை', 'பாவமன்னிப்பு', 'பாசமலர்' ஆகியவற்றின் இயக்குநராக அவரை அறியாதார் இலர். அவர் திரைத்துறைக்குள் படத்தொகுப்பின் வழியாக நுழைந்தவர் என்பதும், இயக்குநரான பின்னரும் தம் படங்களின் தொகுப்பைத் தம் கையிலேயே வைத்திருந்தார் என்பதும் அவரைப் பற்றிய கட்டுரைகளில் ஒரு வாக்கியத்தோடு முடிந்துவிடும் செய்திகளாக உள்ளன. அவருடைய குடும்பக் கதைப் படங்களின் கட்டமைப்பு தொகுப்பு மேசையில் உருவானது என்பதை அப்படங்களைக் கொண்டே காண முடியும்.

வேங்கடத்தின் அடிவாரம்

பீம்சிங் திருப்பதியில் பிறந்தவர். 1924இல் அவ்வூர் சென்னை மாகாணத்துச் சித்தூர் மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. அம்மாவட்டமே 1911இல்தான் வட ஆர்க்காடு, கடப்பை மாவட்டங்களின் பகுதிகளைக் கொண்டு அமைக்கப்பெற்றது. தொல்காப்பியப் பாயிரம் தமிழ் வழங்கும் நிலத்தின் வட எல்லையாக வேங்கடத்தைச் சுட்டுவதும், திருமலைக் கோயிற் கல்வெட்டுகளுள் பெரும்பான்மை தமிழில் அமைந்திருப்பதும் அனைவரும் அறிந்தவை. தமிழும் தெலுங்கும் ஒரே கடைத்தெருவில் புழங்கிய நிலம் அது.

1953 அக்டோபர் முதல் நாள் ஆந்திர மாநிலம் தோன்றியபோது சித்தூர் மாவட்டம் அதனுடன் இணைந்தது. ம.பொ. சிவஞானம் முதலியோர் முன்னின்று நடத்திய வடக்கெல்லைப் போராட்டத்தின் தொடர்ச்சியாகத் திருத்தணி 1960இல் சென்னை மாநிலத்துக்குத் திரும்பியது. திருப்பதி ஆந்திரத்திலேயே நின்றது. 2022இல் மாவட்டங்கள் மறுசீரமைக்கப்பட்டபோது திருப்பதி தனி மாவட்டத்தின் தலைமையிடமாயிற்று. மாகாணம் பிரிக்கப்பட்ட காலத்தில் பீம்சிங் சென்னைத் திரையுலகில் இருந்தார். பிறந்த ஊர் வேறு மாநிலத்துக்கு உரியதாயிற்று. தொழில் செய்த நகரம் தமிழகத்தின் தலைநகராக நின்றது. இதன் விளைவு விந்தையானது. தெலுங்குத் திரைப்பட வரலாறு அவரைத் தமிழ் இயக்குநராகக் கொள்கிறது. தமிழ்த் திரைப்பட வரலாறோ அவர் பிறந்த மண்ணைப் பற்றிப் பேசுவதே இல்லை. இரு மொழி வரலாறுகளுக்கும் இடையில் விழுந்துவிட்டவர்களின் பட்டியல் நீண்டது.

இம்மாவட்டத்தின் பெயரையே தம் பெயரின் முன் தாங்கியவர் சித்தூர் வி. நாகையா. குண்டூர்ப் பகுதியில் பிறந்தவராயினும் சித்தூர் நாடக மேடையால் அறியப்பட்டு அப்பெயரைப் பெற்றவர். அவர் 'பாவமன்னிப்பு' படத்தில், கைவிடப்பட்ட குழந்தையை எடுத்து வளர்க்கும் இசுலாமியப் பெரியவராக நடித்தார். சித்தூர் மேடை வளர்த்த நடிகரும் திருப்பதியில் பிறந்த இயக்குநரும் ஒரு தமிழ்ப் படத்தில் ஒன்றுசேர்ந்ததை அக்காலத்தில் எவரும் தனித்துக் குறிப்பிட்டிருக்கமாட்டார்கள். சென்னை அன்று தென்னிந்திய மொழிகள் நான்கிற்கும் படத்தொழில் நடந்த ஊர். அங்கே இது நாள்தோறும் நிகழ்வது.

கிருஷ்ணன்–பஞ்சு தொகுப்பறை

1940களின் பிற்பகுதியில் பீம்சிங் கிருஷ்ணன்–பஞ்சு என்னும் இரட்டை இயக்குநர்களிடம் உதவிப் படத்தொகுப்பாளராகச் சேர்ந்தார். இது அவருடைய பயிற்சியின் தன்மையை முடிவு செய்த நிகழ்வு எனலாம். இரட்டையருள் எஸ். பஞ்சு தாமே படத்தொகுப்பாளர். 'பஞ்சாபி' என்னும் பெயரில் தொகுப்புப் பணி செய்தவர். படப்பிடிப்புத் தளத்தில் எடுப்பது மேசையில் எவ்வாறு பொருந்தும் என்பதை எண்ணியே காட்சி அமைக்கும் முறை அவர்களிடம் இருந்தது. கிருஷ்ணனின் தங்கையைப் பீம்சிங் மணந்ததால் ஆசிரியர்–மாணவர் உறவு குடும்ப உறவாகவும் ஆயிற்று.

அக்காலத் தொகுப்பறையின் வேலைமுறையைச் சிறிது விளக்குதல் வேண்டும். கணிப்பொறியில் தொகுப்பதைக் கண்டு பழகியவர்களுக்கு அதன் உடலுழைப்பு புலப்படுவது அரிது. முப்பத்தைந்து மில்லிமீட்டர்ப் படச்சுருளில் ஓர் அடிக்குப் பதினாறு சட்டகங்கள் அமையும். நொடிக்கு 24 சட்டகங்கள் ஓடும். எனவே ஒரு நிமிடக் காட்சிக்கு 90 அடி; மூன்று மணிநேரப் படத்துக்கு 16,200 அடி. நாள்தோறும் எடுக்கப்பட்ட நெகட்டிவ் கழுவப்பட்டு, அதிலிருந்து 'ரஷ்' என்னும் பாசிட்டிவ் படி எடுக்கப்படும். ஒலி தனிச் சுருளில் இருக்கும். கிளாப் பலகை மூடும் சட்டகத்தையும் அவ்வோசை பதிந்த இடத்தையும் நேர்ப்படுத்தி, இரு சுருள்களையும் ஒருங்கே ஓட்டிப் பார்த்து, மெழுகுப் பென்சிலால் குறியிட்டு, கத்தரித்து, விளிம்பைச் சுரண்டிப் பசையிட்டு ஒட்ட வேண்டும். ஒட்டைப் பிரித்து மீண்டும் ஒட்டும்போது சட்டகங்கள் வீணாவதுண்டு. ஆகையால் வெட்டுமுன் பலமுறை எண்ணுதல் வழக்கமாயிற்று. ஆங்கிலத்திலும் இந்திய மொழிகளிலும் தொகுப்பறையின் அடையாளமாக நின்ற மூவியோலாக் கருவி பீம்சிங் பிறந்த அதே 1924இல்தான் அமெரிக்காவில் உருவாக்கப்பட்டது. பாசிட்டிவ் படியில் தொகுப்பு முடிந்தபின் விளிம்பு எண்களைக் கொண்டு நெகட்டிவ் வெட்டப்படும். அங்கே நேரும் பிழைக்குத் திருத்தம் இல்லை.

இவ்வறையில் உதவியாளராக இருப்பவர் பிறர் எடுத்த காட்சிகளின் குறைகளை நாள்தோறும் காண்கிறார். நடிகரின் பார்வைத் திசை மாறியிருத்தல், பேச்சு முடியுமுன் படக்கருவி நின்றிருத்தல், கேட்பவரின் முகத்தை எடுக்காமலே தளத்தைக் கலைத்திருத்தல் ஆகியவை மேசையில்தான் வெளிப்படும். தளத்தில் எதை எடுக்காமல் விடக்கூடாது என்னும் அறிவு இங்குத்தான் கிடைக்கிறது.

கிருஷ்ணன்–பஞ்சுவின் 'பராசக்தி' (1952) வெளிவந்த காலம் உரையாடல் ஆட்சி செலுத்திய காலம். நீண்ட அடுக்குமொழிப் பேச்சை வெட்டினால் பேச்சின் ஓட்டம் கெடும். வெட்டாவிட்டால் காட்சி மேடை நாடகமாக நின்றுவிடும். பேச்சின் ஒலியைத் தொடரவிட்டு, கேட்பவரின் முகத்துக்குப் படத்தை மாற்றுவதே இதற்குத் தொகுப்பறை கண்ட வழி. எளிய உத்திதான். பீம்சிங்கின் கையில் அது பின்னர் ஒரு நடையாகவே வளர்ந்தது.

இயக்குநராக அவர் முதலில் செய்த 'அம்மையப்பன்' (1954), அடுத்து வந்த 'ராஜா ராணி' (1956) ஆகிய இரண்டும் மு. கருணாநிதியின் எழுத்தில் அமைந்தவை. அவரது தனித்தன்மையை இவற்றில் தேடிப் பயனில்லை. 'பதிபக்தி' (1958) படத்திலிருந்து புத்தா பிக்சர்ஸ் நிறுவனத்தின் வழியே கதைத் தேர்வும் படத்தின் நீளமும் அவர் பொறுப்பில் வந்தன. 'ப'கர வரிசைப் பெயர்கள் தொடங்கியதும் இங்குத்தான். 1959இல் வெளிவந்த 'பாகப்பிரிவினை' சிறந்த தமிழ்ப் படத்துக்கான குடியரசுத் தலைவரின் வெள்ளிப் பதக்கம் பெற்றது.

இரு வீடுகளும் ஒரு தாலாட்டும்

பீம்சிங்கின் கதைகளில் ஒரு பொது அமைப்பு உண்டு. ஒன்றாக இருந்த குடும்பம் இரண்டாகப் பிரிகிறது, பிரிந்தவர்கள் ஒருவரையொருவர் காணாமலே வருந்துகின்றனர், காலங்கடந்து கூடுகின்றனர். 'பாகப்பிரிவினை'யில் சகோதரர் குடும்பங்கள். 'பாவமன்னிப்'பில் இந்து, இசுலாம், கிறித்தவம் என வெவ்வேறு சமய இல்லங்களில் வளரும் பிள்ளைகள். 'பாசமல'ரில் அண்ணனும் தங்கையும். இத்தகைய கதைக்கு ஒரு தொழில்நுட்பத் தேவை இருக்கிறது. ஒருவரையொருவர் காணாத இருவரையும் பார்வையாளர் மட்டும் ஒருங்கே காண வேண்டும். அதனைச் செய்யக்கூடியது தொகுப்பு. நாடக மேடையில் திரையை இறக்கி ஏற்றாமல் இது இயலாது. நாவலில் அத்தியாயம் மாற வேண்டும். திரைப்படத்தில் ஓர் ஒட்டு போதும்.

இதற்குச் சிறந்த சான்று 'பாசமலர்' படத்தின் தாலாட்டுப் பாடல். கண்ணதாசன் எழுதி, விசுவநாதன்–ராமமூர்த்தி இசையமைத்து, டி.எம். சௌந்தரராசனும் பி. சுசீலாவும் பாடியது. மணமான தங்கையின் புகுந்த வீட்டுப் பூசலால் அண்ணனும் தங்கையும் பிரிந்துவிட்ட நிலை. அண்ணனுக்கு மகள்; தங்கைக்கு மகன். இருவரும் தத்தம் வீட்டில் தத்தம் குழந்தையை உறங்கவைத்துப் பாடுகின்றனர். ஒருவர் பாடுவது மற்றவர் காதில் விழாது. ஆயினும் பாட்டு ஒன்றுதான். அவர் நிறுத்திய இடத்தில் இவர் தொடர்கிறார். தாலாட்டின் பொருள் குழந்தையை விட்டு விலகிப் பிரிந்த உடன்பிறப்பை நோக்கிச் செல்லும்போது, காட்சி அண்ணனின் முகத்திலிருந்து தங்கையின் முகத்துக்கு மாறுகிறது. தனித்தனியே எடுக்கப்பெறும் இரு முகங்களும் முன்பே பதிவான பாடலோசையாலும் தொகுப்பாளரின் கத்தரிக்கோலாலும் உரையாடுகின்றன.

இப்பாடலைப் பற்றிய திறனாய்வுகள் கவிஞரையும் இசையையும் நடிகர் இருவரையும் புகழ்ந்து நின்றுவிடுகின்றன. அப்புகழ்ச்சி தகும். ஆனால் சிவாசி கணேசனும் சாவித்திரியும் ஒரே அறையில் எதிரெதிரே அமர்ந்து பாடியிருந்தால் அது ஒரு நல்ல பாடற் காட்சியாக முடிந்திருக்கும். இரு வீடுகளில் வைத்ததால்தான் கேட்பவர் நெஞ்சில் பிரிவு உறைக்கிறது. எழுதும்போதே மேசையை எண்ணி எழுதப்பட்ட காட்சி இது என்று கொள்வது தவறாகாது.

இப்படத்தின் தொகுப்புப் பொறுப்பில் பீம்சிங்கின் பெயரோடு ஏ. பால் துரைசிங்கம், ஆர். திருமலை ஆகியோரின் பெயர்களும் இடம்பெறுகின்றன. மூவரில் யார் எந்தக் காட்சியைத் தொகுத்தனர் என்று பிரித்துக் காட்டுவது பொருளற்றது. தொகுப்பறை கூட்டு உழைப்பின் இடம். இயக்குநர் தம் பெயரை அங்கே முதலாவதாக வைத்துக்கொண்டது அப்பொறுப்பைத் தாம் விடவில்லை என்பதற்குச் சான்று. 1961இல் மட்டும் 'பாவமன்னிப்பு' மார்ச்சிலும், 'பாசமலர்' மே மாதத்திலும், 'பாலும் பழமும்' செப்டம்பரிலும் திரைக்கு வந்தன. ஏறத்தாழ ஆறு மாதங்களுக்குள் மூன்று பெரிய படங்கள். எதை எடுத்தால் போதும் என்று தளத்திலேயே அறிந்த ஒருவரால்தான் இவ்வேகம் இயலும். இவற்றுள் 'பாவமன்னிப்பு' அனைத்திந்திய அளவில் இரண்டாவது சிறந்த படத்துக்கான தகுதிச் சான்றிதழைப் பெற்றது.

ஏவி.எம். தயாரித்த 'களத்தூர் கண்ணம்மா' (1960) இப்பயிற்சிக்கு வேறொரு வகையில் சோதனையாக அமைந்தது. முதலில் அதனை இயக்கியவர் டி. பிரகாசராவ். கருத்து வேறுபாட்டால் அவர் விலக, பொறுப்பு பீம்சிங்கிடம் வந்தது. மற்றொருவர் தொடங்கிய படத்தை ஏற்று ஒரே கையால் செய்தது போல் முடிப்பது தொகுப்பாளருக்கு நன்கு பழகிய வேலை. கமல்ஹாசன் குழந்தை நடிகராக அறிமுகமான இப்படத்தில் உதவி இயக்குநராகப் பணிசெய்த எஸ்.பி. முத்துராமனும் ஏவி.எம். படத்தொகுப்புப் பிரிவில் பயின்றவரே. அக்காலத்தில் மேசையிலிருந்து இயக்கத்துக்குச் சென்றவர் பீம்சிங் ஒருவர் மட்டுமல்லர். 'ஆலயமணி' (1962) இயக்கிய கே. சங்கரும் படத்தொகுப்பாளராக இருந்தவர். திரைப்படக் கல்லூரிகள் பரவாத காலத்தில் தொகுப்பறையே கல்லூரியாக இருந்தது.

பீம்சிங்கின் படங்களில் குறையில்லை என்பதற்கில்லை. பல படங்கள் வேண்டிய அளவைவிட நீண்டவை. முதன்மைக் கதையோடு ஒட்டாத நகைச்சுவைப் பகுதிகள், உணர்ச்சி உச்சத்தை அடைந்த பின்னும் தொடரும் அழுகை ஆகியவற்றை ஒரு தொகுப்பாளர் எவ்வாறு பொறுத்தார் என்று வியக்கத் தோன்றும். மூன்று மணிநேரக் காட்சியை எதிர்பார்த்த வணிகச் சூழல் ஒரு விடை. மற்றொரு விடையும் உண்டு. அவருடைய தொகுப்பு விரைவை நாடியதன்று. முகத்தில் உணர்ச்சி முழுமையாக எழுந்து அடங்கும் வரை காத்திருந்து வெட்டுவது அவர் முறை. அது சிவாசி கணேசன், சாவித்திரி, எம்.ஆர். ராதா போன்றோரிடம் பயன் தந்தது. சிறு நடிகர்களிடம் தொய்வாயிற்று.

இந்தி மறுபடைப்புகள்

'களத்தூர் கண்ணம்மா' 'மைன் சுப் ரஹூங்கி' (1962) என்றும், 'பாசமலர்' 'ராக்கி' (1962) என்றும், 'பாகப்பிரிவினை' 'கான்தான்' (1965) என்றும் இந்தியில் அவராலேயே மீண்டும் எடுக்கப்பெற்றன. கே. சங்கரின் 'ஆலயமணி' திலீப்குமார் நடிக்க 'ஆத்மி' (1968) ஆயிற்று. அதனையும் இயக்கியவர் பீம்சிங்கே. கதை அதுவேயாயினும் மொழி மாறினால் வாக்கியத்தின் நீளம் மாறும். நடிகர் மாறினால் மௌனத்தின் நீளம் மாறும். தமிழில் வெட்டிய அளவை இந்தியில் அப்படியே பின்பற்ற முடியாது. அசோக்குமாரும் வகீதா ரகுமானும் நடித்த 'ராக்கி'யைப் 'பாசமல'ருடன் அருகருகே வைத்துக் காட்சிக்குக் காட்சி ஒப்பிட்டால் ஒரு தொகுப்பாளரின் சிந்தனையை அறியப் பெரிதும் உதவும். தமிழ்த் திரைப்பட ஆய்வில் செய்யத்தக்க பணிகளுள் இது ஒன்று.

அவரிடம் உதவியாளர்களாக இருந்த திருமலை–மகாலிங்கம் இருவரும் இணைந்து இயக்கிய 'ஆலயம்' (1967) சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது பெற்றது. மேசைப் பயிற்சி இரண்டாம் தலைமுறைக்கும் சென்றது என்பதற்கு அது சான்று.

ஜெயகாந்தன் கதைகளும் பி. லெனினும்

1970களில் பீம்சிங்கின் பழைய முறை திரையரங்குகளில் செல்வாக்கிழந்தது. அப்போது அவர் எடுத்த முடிவு வியப்புக்குரியது. சாகித்திய அக்காதெமி விருது பெற்ற ஜெயகாந்தனின் 'சில நேரங்களில் சில மனிதர்கள்' நாவலைச் சிறு செலவில் கறுப்பு–வெள்ளையில் படமாக்கினார். 1977இல் வெளிவந்த இப்படத்தில் நடித்ததற்காக இலட்சுமி சிறந்த நடிகைக்கான தேசிய விருது பெற்றார். பாகப்பிரிவினைக் காலத்து அழுகை இதில் இல்லை. கங்கா என்னும் பெண்ணின் மௌனத்தைக் காத்திருந்து வெட்டும் அதே பழைய பொறுமை இருக்கிறது. மிகையை விலக்கிய பொறுமை. அடுத்து ஜெயகாந்தனின் 'ஒரு நடிகை நாடகம் பார்க்கிறாள்' 1978இல் வெளிவந்தது. அவ்வாண்டு சனவரி 16ஆம் நாள் பீம்சிங் மறைந்தார். அப்போது அவருக்கு வயது 53.

இங்கு ஒரு செய்தி கருதத்தக்கது. இந்திய அரசின் திரைப்பட விருதுகள் 1954இல் தொடங்கின. படத்தொகுப்புக்கெனத் தனி விருது 1976ஆம் ஆண்டுப் படங்களிலிருந்தே, அதாவது இலட்சுமி விருது பெற்ற அதே சுற்றிலிருந்தே, வழங்கப்பெற்றது. 'பாசமலர்' தொகுக்கப்பட்ட காலத்தில் அத்தொழிலை அளப்பதற்கு ஓர் இடமே அரசு ஏட்டில் இல்லை.

அவ்விருதைப் பின்னர் அக்குடும்பம் பெற்றது. தந்தையிடம் தொழில் பயின்ற பி. லெனின் மகேந்திரனின் 'உதிரிப்பூக்கள்' (1979), மணிரத்தினத்தின் 'மௌனராகம்' (1986) ஆகியவற்றைத் தொகுத்தவர். வி.டி. விசயனுடன் இணைந்து 'நாயகன்' (1987), 'ஜென்டில்மேன்' (1993), 'இந்தியன்' (1996) முதலியவற்றைத் தொகுத்தார். 'காதலன்' (1994) படத்துக்காக இருவரும் தேசிய விருது பெற்றனர். 'உதிரிப்பூக்க'ளின் அமைதியையும் 'காதல'னின் துள்ளலையும் தொகுத்தது ஒரே கை என்பது பெயர்ப்பட்டியலைப் படிக்காதவருக்குத் தெரிய வழியில்லை. தந்தையின் காத்திருப்பு முதற்படத்தில் தெளிவாகத் தெரிகிறது; இரண்டாவதில் அதன் சுவடே இல்லை. கதையின் தேவைக்கு ஏற்பத் தன் நடையைக் கைவிடுவதும் தொகுப்பாளரின் திறனே. பெரும் வணிகப் படங்களுக்கு நடுவே லெனின் 'நாக் அவுட்' (1992) என்னும் குறும்படத்தை இயக்கி முதற்பட இயக்குநருக்கான தேசிய விருதும், ஜெயகாந்தனின் கதையைக் கொண்ட 'ஊருக்கு நூறுபேர்' (2001) படத்துக்குச் சிறந்த இயக்குநர் விருதும் பெற்றார். தந்தை இறுதியில் சென்று நின்ற எழுத்தாளரிடமே மகனும் சென்றார்.

1975 ஆகஸ்டு 15இல் சென்னைத் தொலைக்காட்சி நிலையம் தொடங்கியதும், 1990களில் தனியார் அலைவரிசைகள் பெருகியதும் பீம்சிங் படங்களுக்கு மறுவாழ்வு அளித்தன. திரையரங்கில் அவற்றைக் கண்டிராத தலைமுறைகள் வீட்டில் கண்டன. ஆனால் விளம்பரங்களுக்காகப் படம் அடிக்கடி நிறுத்தப்படும்போது காத்திருந்து வெட்டிய காட்சியின் அளவு குலைகிறது. 'பாசமலர்' தாலாட்டு தனிப் பாடலாக ஒளிபரப்பப்படும்போது இரு வீடுகள் ஏன் மாறி மாறி வருகின்றன என்பதே புதிதாய்ப் பார்ப்பவருக்கு விளங்குவதில்லை. முன்கதையின்றி அது இருவர் பாடும் இனிய பாட்டாக மட்டும் நிற்கிறது. நேரம் கருதிப் பெயர்ப்பட்டியலை விட்டுவிட்டுப் படத்தைத் தொடங்கும் வழக்கமும் உண்டு. தொகுப்பு: ஏ. பீம்சிங், ஏ. பால் துரைசிங்கம், ஆர். திருமலை என்னும் வரி அப்பட்டியலில்தான் இருக்கிறது.